'ஐ ஆம் டெட்' என்று எழுதினால் பதறாதீர்கள்

அமெரிக்க வாடிக்கையாளர்களுக்குச் சாட்டில் பதில் சொல்வது என் வேலை. அலுவலகம் பெங்களூரில், ஆனால் வாரத்தில் பாதி நாள் கிருஷ்ணகிரி வீட்டிலிருந்தே பார்க்கிறேன். இந்த வேலையில் இலக்கணம் கொஞ்சம் முன்னேபின்னே இருந்தாலும் வண்டி ஓடிவிடும், ஸ்லாங், அதாவது அவர்களின் பேச்சுவழக்குச் சொற்கள், தெரியாவிட்டால்தான் மாட்டிக்கொள்வோம். எங்கள் குழுவில் புதிதாகச் சேர்ந்த ஒரு பையன், ஆங்கிலம் நன்றாகவே எழுதுவான். 'திஸ் அப்டேட் இஸ் சிக்' என்று ஒருவர் அனுப்பியதும், சிரமத்துக்கு வருந்துகிறோம், எந்தப் பக்கத்தில் கோளாறு, ஸ்கிரீன்ஷாட் அனுப்ப முடியுமா, எந்த போன் வைத்திருக்கிறீர்கள் என்று வரிசையாகக் கேட்க ஆரம்பித்துவிட்டான். 'சிக்' என்றால் சீக்குப் பிடித்தது என்று இவன் எடுத்துக்கொண்டான், அந்த ஆள் பாராட்ட வந்தவர். கடைசியில் அவர் 'நோ நோ, ஐ லவ் இட்' என்று விளக்கம் கொடுக்க வேண்டியதாகிவிட்டது. பாராட்டுக்கு விளக்கம் கொடுக்க வைத்த ஒரே கம்பெனி நாங்களாகத்தான் இருப்போம்.

அக்கா மகள் தருமபுரியில் கல்லூரிக் கடைசி வருடம் படிக்கிறாள். ஓசூர், பெங்களூரு என்று இன்டர்வியூக்களுக்குத் தயாராகிறாள். வாட்ஸ்அப்பில் சுற்றும் 'ஜென் சி ஸ்லாங் அர்த்தங்கள்' (ஜென் சி என்றால் இன்றைய இளைய தலைமுறை) என்ற பட்டியலை எனக்கு அனுப்பி, 'மாமா, இதை மனப்பாடம் பண்ணா போதுமா?' என்று கேட்டாள். பெட் என்றால் சரி, கேப் என்றால் பொய், மிட் என்றால் சுமார் என்று நீளமாகப் போகிறது. எதுவும் தப்பில்லை. ஆனால் யார், யாரிடம், எந்தத் தோரணையில் சொல்கிறார்கள் என்பது அதில் இல்லை. ஸ்லாங்கில் பாதி அர்த்தம் அங்கேதான் இருக்கிறது. 'யோவ்' என்பது ஒருவரைக் கூப்பிடும் சொல் என்று எங்கேயோ படித்துவிட்டு, வெளிநாட்டுக்காரர் ஒருவர் நம் ஊர் பேங்க் மேனேஜரை 'யோவ்' என்று கூப்பிட்டால் எப்படி இருக்கும், அந்தக் கதைதான். அவளுக்கு வாய்ஸ் மெசேஜில் சொன்னதையே இங்கே கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

முதலில் தலைகீழ்ச் சொற்கள். சிக், இன்சேன், வைல்ட், நாஸ்டி, இங்கிலாந்துக்காரர் என்றால் விக்கிட் (கிரிக்கெட் விக்கெட் இல்லை, பொல்லாத என்று பொருள்படும் சொல்), இவையெல்லாம் கெட்ட சொற்கள்தான், ஆனால் இளவட்டங்களின் வாயில் புகழ்ச்சி. 'ஃபயர்' என்றால் அட்டகாசம். 'டோப்' என்றால் போதைப்பொருள் என்றும் உண்டு, பிரமாதம் என்றும் உண்டு. இதில் நாம் குழம்புவதுதான் எனக்கு ஆச்சரியம், ஏனென்றால் தமிழில் இதையே தினமும் செய்கிறோம். 'சாப்பாடு பயங்கரமா இருந்துச்சு' என்று கல்யாண வீட்டில் சொன்னால் யாரும் ஆம்புலன்ஸைக் கூப்பிடுவதில்லை. 'பாட்டுல கொன்னுட்டான்' என்றால் கொலை இல்லை. 'மரண மாஸ்' என்கிறோம், 'வெறித்தனம்' என்கிறோம். அவர்கள் 'ஷீ ஏட்' என்பார்கள், அதாவது அவள் சாப்பிட்டாள் என்று. மேடையிலோ வீடியோவிலோ பிரமாதப்படுத்திவிட்டாள் என்று பொருள். கூடவே 'லெஃப்ட் நோ கிரம்ப்ஸ்' என்று சேர்த்தால் ஒரு துணுக்குகூட மிச்சம் வைக்கவில்லை, அத்தனை கச்சிதம். 'பிரிச்சு மேஞ்சுட்டா' என்று நாம் சொல்வதற்குப் பக்கத்திலேயே வந்துவிடுகிறது. அப்படிப் பிடித்துக்கொண்டால் பட்டியல் வேண்டாம், காதில் விழுந்ததும் புரிந்துவிடும்.

'ஐ ஆம் டெட்' என்பதும் இந்த ரகம்தான். சிரித்துச் சிரித்துச் செத்துவிட்டேன் என்று அர்த்தம். அதற்குத்தான் மண்டையோட்டு எமோஜியையும் போடுகிறார்கள். கண்ணீர் வரச் சிரிக்கும் மஞ்சள் முகம் இருக்கிறதே, அதை நாமெல்லாம் இன்னும் குடும்ப குரூப்பில் வரிசையாகப் போட்டுக்கொண்டிருக்கிறோம், அங்கே இருபது வயதுக்காரர்களுக்கு அது பெரியப்பா பெரியம்மா போடும் எமோஜி ஆகிவிட்டது. இறந்த செய்திக்கும் மண்டையோடு, ஜோக்குக்கும் மண்டையோடு என்றால் எப்படித்தான் பிரிப்பது என்று அந்தப் புதுப் பையன் கேட்டான். மரணச் செய்திக்கு யாரும் மண்டையோடு போட மாட்டார்கள். அவ்வளவுதான் விஷயம்.

அப்புறம் ஒற்றைச் சொல் பதில்கள். என் வேலையில் அதிகம் புழங்குவது இவைதான். 'பெட்' என்றால் சரி, முடித்துவிடலாம். பந்தயம் கட்டும் பழைய அர்த்தத்திலிருந்து வந்தது. 'சே லெஸ்' என்றால் குறைவாகப் பேசு என்று திட்டுகிறார்கள் என்று நினைக்க வேண்டாம், இதற்கு மேல் சொல்ல வேண்டாம், புரிந்துவிட்டது, செய்கிறேன் என்று ஒத்துக்கொள்வது. 'நோ கேப்' என்றால் பொய்யில்லை, சத்தியமாக. 'ஃபார் ரியல்' என்பதன் சுருக்கமான எஃப்ஆர் அதனோடு ஒட்டிக்கொண்டு வரும். 'மை பேட்' என்றால் என் தப்புதான். இதை நம் குழுவினர் பதிலில் எழுதுவதை நான் விடுவதில்லை. பணம் பிடித்தம் ஆகிக் கோபத்தில் இருக்கிற ஆளிடம் 'மை பேட்' என்றால், காலை மிதித்துவிட்டு 'அட, பாக்கல' என்று சொன்ன மாதிரி போய்விடும்.

சொல்லே இல்லாத ஸ்லாங்கும் உண்டு. முற்றுப்புள்ளியைச் சொல்கிறேன். நமக்கு முற்றுப்புள்ளி என்றால் வாக்கியம் முடிந்தது, தமிழாசிரியர் மார்க் குறைக்க மாட்டார், அவ்வளவே. அங்கே சின்ன மெசேஜின் கடைசியில் புள்ளி வைத்தால் முறைப்பாகத் தெரிகிறது. நியூயார்க் மாநிலத்தின் பிங்ஹாம்டன் பல்கலைக்கழகத்தில் 2015இல் இதை ஆராய்ச்சியாகவே செய்தார்கள். புள்ளி வைத்து முடியும் ஒற்றைச் சொல் மெசேஜ், புள்ளி இல்லாததைவிட மனப்பூர்வம் குறைந்ததாகத் தெரிகிறது என்று கல்லூரி மாணவர்கள் சொன்னார்கள். அதனால் 'ஓகே' என்று வந்தால் நிம்மதி, அதே 'ஓகே' புள்ளியோடு வந்தால் அவசரமாக மேலே போய் நாம் என்ன எழுதினோம் என்று ஒருமுறை பார்த்துக்கொள்ள வேண்டும். வெறும் 'கே' என்ற ஒற்றை எழுத்து வந்தால் நிச்சயம் கடுப்பில் இருக்கிறார்கள்.

இனி எனக்குக் கொஞ்சம் ஆதங்கம் உள்ள இடம். 'ஜென் சி ஸ்லாங்' என்று எல்லாவற்றுக்கும் ஒரே லேபிள் ஒட்டுகிறார்கள் இல்லையா, அதில் பெரும்பகுதி இன்றைய பிள்ளைகள் கண்டுபிடித்ததே இல்லை. அமெரிக்கக் கறுப்பின மக்களின் பேச்சிலிருந்து எடுத்தது. 'கூல்' ஜாஸ் இசைக்காரர்களின் சொல், அதைப் பரப்பியவர் என்று சாக்ஸபோன் கலைஞர் லெஸ்டர் யங்கைச் சொல்வார்கள். 'ஸ்டே வோக்' என்பதை 1938இல் லெட் பெல்லி என்ற பாடகர் ஒரு பதிவில் சொல்கிறார். அலபாமா பக்கம் போகிற கறுப்பின மக்களே, கண்ணைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள் என்ற உயிர் எச்சரிக்கை அது. இன்று அதே 'வோக்' டிவி விவாதங்களில் கிண்டல் சொல்லாகப் படும் பாட்டைப் பார்த்தால் வருத்தமாக இருக்கிறது. அசத்துவது என்ற பொருளில் வரும் 'ஸ்லே', நாசூக்காகக் குத்துவது என்ற 'ஷேட்', வம்பளப்பு என்ற பொருளில் வரும் 'டீ' இவையெல்லாம் நியூயார்க்கின் ஹார்லெம் பக்கம் கறுப்பின, லத்தீன் திருநங்கைகளும் ஒருபால் ஈர்ப்பாளர்களும் நடத்திய 'பால்ரூம்' என்ற ஆட்ட, அலங்காரப் போட்டிகளோடும், பெண் வேடமிட்டு ஆடும் டிராக் மேடைகளோடும் சேர்ந்து வளர்ந்தவை. குடும்பம் துரத்திவிட்ட பிள்ளைகள் தங்களுக்குள் பேசிக்கொண்ட பேச்சு, இப்போது ஷாம்பு விளம்பரத்தில் வருகிறது.

இங்கேயும் நடந்ததுதான். வடசென்னைப் பேச்சை ஒரு காலத்தில் 'மெட்ராஸ் பாஷை' என்று மூக்கைச் சுளித்தார்கள். காமெடியனுக்கும் ரிக்‌ஷாக்காரருக்கும்தான் சினிமாவில் அதைக் கொடுத்தார்கள். இப்போது 'கெத்து', 'காண்டு', 'மெர்சல்' எல்லாம் கிருஷ்ணகிரி ரவுண்டானாவில் டீ குடிக்கிற கல்லூரிப் பையன் வாயில் சாதாரணமாக வருகிறது, ஐடி கம்பெனி மீட்டிங்கிலும் வருகிறது. சொல் மேலே ஏறிவிட்டது, பேசிய ஜனங்களைப் பார்க்கிற பார்வை அப்படியேதான் இருக்கிறது. ஓசூர்ப் பக்கம் இன்னொரு விதம். தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே டீக்கடையில் கலந்து ஓடும் ஊர், அங்கிருந்து பெங்களூரு எல்லை எட்டிப் பிடிக்கும் தூரம். 'மச்சா' என்பது பெங்களூரு ஆங்கிலத்திலேயே ஏறி உட்கார்ந்துவிட்டது. தமிழே தெரியாத வடநாட்டுப் பையன்கூட எங்கள் ஆபீஸில் 'வாட் மச்சா' என்கிறான். அக்கா தங்கையைக் கட்டிய உறவு என்பதெல்லாம் அவனுக்குத் தெரியாது, தெரிந்தால் கூப்பிடுவானா என்பதும் சந்தேகம்.

அக்கா மகன் ஏழாவது படிக்கிறான். அவன் வயதுப் பிள்ளைகளின் ஸ்லாங் வேறு உலகம். 'ரிஸ்' என்றால் பேச்சாலும் தோரணையாலும் ஆளை மயக்கும் திறமை, கரிஸ்மா என்ற சொல்லின் நடுத்துண்டு. இணையத்தில் நேரலை நடத்தும் கய் செனட் என்ற அமெரிக்க ஸ்ட்ரீமரால் பரவியது. ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகப் பதிப்பகம் 2023ஆம் ஆண்டின் சொல்லாக இதைத் தேர்ந்தெடுத்தது. 2024இல் 'பிரெயின் ராட்', ரீல்ஸ் பார்த்துப் பார்த்து மூளை மழுங்கிப்போவது. இதுவும் புதுசு இல்லை, அமெரிக்க எழுத்தாளர் தோரோ 1854லேயே எழுதியிருக்கிறார், அவர் காலத்தில் ரீல்ஸ் இல்லாமலே மூளை அழுகியிருக்கிறது போலிருக்கிறது. 2025இல் 'ரேஜ் பெய்ட்'. வேண்டுமென்றே எரிச்சலூட்டும் பதிவைப் போட்டு, திட்டுவதற்காகவாவது நம்மை அங்கே வரவைப்பது. சாம்பாரில் சர்க்கரை கொட்டுகிற சமையல் வீடியோக்களைப் பார்த்திருப்பீர்கள், அது சாட்சாத் ரேஜ் பெய்ட்.

இதெல்லாம் பரவாயில்லை, 'சிக்ஸ் செவன்' இருக்கிறதே, அதுதான் உச்சம். இரண்டு உள்ளங்கையையும் மேலே பார்த்து விரித்து, தராசுத் தட்டு போல ஏற்றி இறக்கிக்கொண்டே 'சிக்ஸ்... செவன்...' என்று இழுக்க வேண்டும். பக்கத்தில் இருக்கிற அத்தனை பிள்ளைகளும் சிரிக்கும். ஒரு ராப் பாடலில் வந்த வரி, ஆறடி ஏழங்குலம் உயரமுள்ள லமெலோ பால் என்ற கூடைப்பந்து வீரரின் வீடியோக்களில் ஒட்டிக்கொண்டு உலகம் சுற்றியது. டிக்‌ஷனரி டாட் காம் 2025ஆம் ஆண்டின் சொல்லாக இந்த 67ஐத்தான் அறிவித்தது. அர்த்தம்? ஒன்றும் கிடையாது. 'அப்புறம் ஏன்டா சொல்ற?' என்று பையனைக் கேட்டேன். 'அதான் மாமா ஜோக்கு' என்றான். பெரியவர்கள் அர்த்தம் தேடி முழிப்பதுதான் அதன் வேலையே. நாங்கள் சின்ன வயதில் 'ப' பாஷை பேசிப் பெரியவர்களைக் கழற்றிவிட்டோமே, அந்த வேலைதான்.

அவன் ஒருநாள் என் அம்மா கிண்டிய ராகிக் களியை 'மிட்' என்றான். மிட் என்றால் சுமார், பெரிதாக ஒன்றும் இல்லை. திட்டுவதைவிட மோசம், ஏனென்றால் திட்டுவதற்குக்கூடத் தகுதியில்லை என்ற தொனி அதில் இருக்கிறது. என் அம்மா என்னிடம் அர்த்தம் கேட்டார், நானும் சொல்லிவிட்டேன். மறுநாள் அவன் ஹோட்டல் பரோட்டா கேட்டபோது அம்மா அசையாமல் 'பரோட்டா மிட்டு, களி தின்னு' என்றார். சரியான இடத்தில் சரியான தொனியில் அந்தச் சொல்லைப் போட்டவர் எங்கள் வீட்டில் அவர் ஒருவர்தான்.

காதல், நட்பு சம்பந்தப்பட்டவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். கோஸ்ட்டிங் என்றால் சொல்லாமல் கொள்ளாமல் காணாமல் போவது. வாடிக்கையாளர்கள் இதை எங்களைப் பற்றியும் எழுதுவார்கள், பதில் வரவில்லை என்று அர்த்தம். சிச்சுவேஷன்ஷிப் என்றால் காதலா இல்லையா என்று பெயர் வைக்காத உறவு. இக் என்றால் திடீரென்று ஒருவர்மேல் வரும் அருவருப்பு. டெலுலு என்றால் கற்பனைக் கோட்டையில் வாழ்வது, கொரிய பாப் ரசிகர்களிடமிருந்து வந்தது. 2025 மார்ச்சில் ஆஸ்திரேலியப் பிரதமர் ஆல்பனீஸி பாராளுமன்றத்திலேயே எதிர்க்கட்சியைப் பார்த்து 'டெலுலு வித் நோ சொலுலு' என்றார். கேஸ்லைட்டிங் மட்டும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டியது. சும்மா பொய் சொல்வதற்கெல்லாம் இப்போது அதைப் போடுகிறார்கள். அது அப்படி இல்லை. 1938இல் இங்கிலாந்தில் அரங்கேறிய 'கேஸ் லைட்' என்ற நாடகத்தில், வீட்டு கேஸ் விளக்கு மங்குவதை மனைவி பார்ப்பாள், உனக்குத்தான் புத்தி பிசகுகிறது என்று அவளையே நம்பவைக்கப் பார்ப்பான் கணவன். ஒருவர் தன் கண்ணையும் புத்தியையுமே சந்தேகப்படும்படி செய்வதுதான் கேஸ்லைட்டிங். 'பஸ் ஏறிட்டேன்' என்று வீட்டிலிருந்தே சொல்வது வெறும் டூப்.

பழைய ஸ்லாங்கை யாரும் ஸ்லாங் என்றே நினைப்பதில்லை. 'ஓகே' பிறந்தது 1839இல், பாஸ்டன் பத்திரிகை ஒன்றில் அடித்த விளையாட்டு. 'ஆல் கரெக்ட்' என்பதை வேண்டுமென்றே தப்புத் தப்பாக 'ஓல் கொரெக்ட்' என்று எழுதி அதைச் சுருக்கினார்கள். அந்தக் காலத்து மீம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதே மாதிரி அப்போது வந்த மற்ற சுருக்கங்களெல்லாம் செத்துப்போக, இது மட்டும் தப்பித்து நம் ஊர் மாடு மேய்க்கும் தாத்தா வரை வந்துவிட்டது. 'ஓஎம்ஜி' செல்போன் பிள்ளைகளின் சொல் என்றுதானே நினைக்கிறோம்? 1917இல் ஃபிஷர் என்ற பிரிட்டிஷ் கடற்படைத் தளபதி வின்ஸ்டன் சர்ச்சிலுக்கு எழுதிய கடிதத்திலேயே இருக்கிறது. அடைப்புக்குறிக்குள் 'ஓ! மை காட்!' என்று விரிவும் கொடுத்திருக்கிறார், பாவம், சர்ச்சிலுக்குப் புரியாது என்று நினைத்திருப்பார். வாய்விட்டுச் சிரிக்கிறேன் என்ற 'எல்ஓஎல்' விஷயத்தில் அன்றைய பிரிட்டிஷ் பிரதமர் டேவிட் கேமரன் வாங்கிய பல்பு 2012 விசாரணையில் வெளிவந்தது. பத்திரிகை நிர்வாகி ஒருவருக்கு அனுப்பும் மெசேஜ்களை அவ்வப்போது அதைப் போட்டு முடித்துவந்திருக்கிறார், 'லாட்ஸ் ஆஃப் லவ்' என்று நினைத்துக்கொண்டு. ஆக ஆங்கிலம் தாய்மொழியாக இருந்தாலும் தப்பிக்க முடியாது.

நம் பக்கத்துக் கணக்கும் ஒன்று இருக்கிறது. டிஃபன் இருக்கிறதே, தருமபுரி பஸ் ஸ்டாண்டைச் சுற்றி எத்தனை டிஃபன் சென்டர் போர்டுகள். அது சுத்தமான ஆங்கில ஸ்லாங். 'டிஃபிங்' என்றால் நேரம் கெட்ட நேரத்தில் ஒரு மடக்கு குடிப்பது. இந்தியாவுக்கு வந்த கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் அதை மதியச் சிற்றுணவுக்கு வைத்துக்கொண்டார்கள். 1792இல் திப்புவிடமிருந்து பாராமகால் கைமாறியபோது இந்தத் தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்தை நிர்வகிக்க அலெக்சாண்டர் ரீடும் அவருக்குத் துணையாகத் தாமஸ் மன்றோவும் வந்தார்கள். மன்றோ தருமபுரியில்தான் இருந்தார், பிற்பாடு சென்னை கவர்னரும் ஆனார். அவர் இங்கே டிஃபன் சாப்பிட்டாரா என்று என்னைக் கேட்காதீர்கள். ஆனால் அந்தக் கூட்டத்தின் பேச்சுதான் அது. இங்கிலாந்தில் அந்தச் சொல் கிட்டத்தட்ட வழக்கொழிந்துவிட்டது, இங்கே இட்லி, பொங்கல், பூரியோடு நிற்கிறது. திரும்பப் போன சரக்கும் உண்டு. 2016இல் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி 'ஐயோ'வைச் சேர்த்துக்கொண்டது. மிளகுத் தண்ணியும் சுருட்டும் கட்டுமரமும் அதற்கு வெகுகாலம் முன்பே கப்பல் ஏறிவிட்டன.

ஆபீஸ் கால்களில் வருவது இன்னொரு ரகம், நரைத்த தலை மேனேஜர்களின் ஸ்லாங். இதற்குப் பட்டியல் தேவையில்லை, ஒரே ஒரு சூட்சுமம் போதும். அமெரிக்கர் புரியாத ஏதாவது சொன்னால் பெரும்பாலும் அது பேஸ்பாலிலிருந்து வந்திருக்கும். 'ரெயின் செக்' எடுத்துக்கொள்கிறேன் என்றால் இப்போது முடியாது, இன்னொரு நாள் பார்க்கலாம். மழையால் ஆட்டம் நின்றால் வேறு நாளைக்குச் செல்லும்படி கொடுத்த டிக்கெட் துண்டிலிருந்து வந்தது. 'பால்பார்க் ஃபிகர்' என்றால் தோராயக் கணக்கு. 'டச் பேஸ்' என்றால் ஒரு எட்டு பேசிவிடுவது. 'அவுட் ஆஃப் லெஃப்ட் ஃபீல்ட்' என்றால் எங்கிருந்தோ சம்பந்தமே இல்லாமல் வந்த கேள்வி. பேஸ்பால் பார்க்காத நமக்கு இது கஷ்டம். பிரிட்டிஷ்காரர் என்றால் நமக்கு லட்டு. சிக்கலான நிலைமையைச் சொல்லும் 'ஸ்டிக்கி விக்கெட்' வந்தது கிரிக்கெட்டிலிருந்து. ஆபீஸில் மூன்று டீல் தொடர்ந்து முடித்தால் சொல்லும் 'ஹாட்ரிக்'கூட 1858இல் ஷெஃபீல்டில் மூன்று பந்தில் மூன்று விக்கெட் எடுத்த ஸ்டீஃபன்சன் என்ற பந்துவீச்சாளருக்கு வசூல் பண்ணித் தொப்பி வாங்கிக் கொடுத்ததிலிருந்து வந்தது. எங்கள் ஆபீஸ் அமெரிக்க மேனேஜர் ஒருவர் 'ஸ்டிக்கி விக்கெட்' என்றால் என்ன என்று எங்களிடம் கேட்டார். அன்று முழுக்க எங்கள் குழுவுக்குக் குஷி.

இங்கிலாந்துக்கும் அமெரிக்காவுக்கும் நடுவில் மாட்டும் சொற்கள்தான் ஆபத்தானவை. நாம் படித்தது அரைகுறை பிரிட்டிஷ் ஆங்கிலம், வேலை அமெரிக்கனோடு. 'ரப்பர் இருக்கா' என்று அமெரிக்கரிடம் கேட்டால் ஆணுறை இருக்கிறதா என்று கேட்டதாக ஆகும், அழிப்பதற்கு 'இரேசர்' என்றே சொல்லிவிடுங்கள். 'பிஸ்டு' என்றால் அமெரிக்கருக்குக் கடுங்கோபம், பிரிட்டிஷ்காரருக்கு நிறைபோதை. இரண்டுமே ஆபீஸில் சொல்லத் தகாதது. மீட்டிங்கில் 'டேபிள் திஸ்' என்றால் இங்கிலாந்தில் இப்போதே விவாதிப்போம், அமெரிக்காவில் ஒத்திப்போடுவோம், நேர் எதிர். நம் பிள்ளைகள் ரெஸ்யூமில் எழுதும் 'ஐ பாஸ்டு அவுட் இன் 2024' என்பதைப் படிக்கும் அமெரிக்கர், பாவம் மயங்கி விழுந்திருக்கிறாரே என்று நினைப்பார். அக்கா மகள் ரெஸ்யூமிலும் இருந்தது, 'கிராஜுவேட்டட்' என்று மாற்றச் சொன்னேன்.

அவளிடம் நேராகச் சொல்லக் கொஞ்சம் கூச்சமாக இருந்தாலும் சொல்லிவிட்டது ஒன்று. 'ஹுக் அப்' என்பதைச் சந்திப்போம் என்ற அர்த்தத்தில் இங்கே சிலர் போடுகிறார்கள், அதன் இன்றைய முதல் அர்த்தம் படுக்கை சம்பந்தப்பட்டது. 'மேக் அவுட்' என்றால் புரிந்துகொள்வது என்று பாடத்தில் படித்தோம், 'மேக் அவுட் வித்' என்று ஒரு சொல் கூடினால் முத்தக் காட்சியாகிவிடும். 'நெட்ஃபிளிக்ஸ் அண்ட் சில்' என்று யாராவது கூப்பிட்டால் படம் பார்க்கக் கூப்பிடவில்லை. கேட்டுவிட்டு அவள் 'ஐயோ மாமா, இதெல்லாம் எனக்குத் தெரியும்' என்றாள். தெரிந்தால் சரி.

அர்த்தம் தேட அர்பன் டிக்‌ஷனரி உண்டு, 1999இல் ஆரன் பெக்கம் என்ற மாணவர் விளையாட்டாகத் தொடங்கியது. யார் வேண்டுமானாலும் எழுதலாம், ஓட்டு அதிகம் வாங்கியது மேலே வரும். அதனால் சரியான அர்த்தத்துக்குப் பக்கத்திலேயே ஆபாச ஜோக்கும் பழிதீர்க்கும் வசவும் இருக்கும். முதல் விளக்கத்தோடு நின்றுவிடாமல், கீழே கொடுத்திருக்கும் எடுத்துக்காட்டு வாக்கியங்களைப் பாருங்கள், மேலே எழுதியவர் கதை விட்டிருந்தால் அங்கே தெரிந்துவிடும். மெரியம் வெப்ஸ்டர் தளத்திலும் இப்போது ஸ்லாங்குக்குத் தனிப்பகுதி வைத்திருக்கிறார்கள், பிள்ளைகள் முன்னால் தைரியமாகத் திறக்கலாம். இரண்டையும்விட நல்ல வழி, அந்தச் சொல் வந்த வாக்கியத்தை நாலு இடத்தில் பார்ப்பது. யார் சொல்கிறார், கேட்டவர் சிரித்தாரா முறைத்தாரா என்பது அதிலேயே இருக்கும்.

இன்டர்வியூவில் எதைப் பேசலாம் என்பது அவளுடைய அடுத்த கேள்வி. ஒன்றையும் பேசாதே கண்ணு என்றேன். புரிந்துகொள்ளத்தான் ஸ்லாங், பேசுவதற்கு அவர்கள் முதலில் பேசட்டும். எதிரே இருப்பவர் 'கைஸ்' என்றால் நீயும் தளர்ந்து பேசலாம், 'ப்ரோ' மட்டும் எந்தக் காலத்திலும் வேண்டாம். ஏற்கெனவே நம்மிடம் ஒட்டியிருக்கும் நம் ஊர் ஆங்கிலத்தைத்தான் முதலில் பார்க்க வேண்டும். 'டூ த நீட்ஃபுல்' என்பது ஒரு காலத்துப் பிரிட்டிஷ் ஆபீஸ் நடை, அவர்கள் விட்டுவிட்டார்கள், நாம் வைத்திருக்கிறோம், அமெரிக்கருக்கு அதில் என்ன செய்யச் சொல்கிறோம் என்றே விளங்காது. அதைவிட வம்பு 'கைண்ட்லி'. நமக்கு மரியாதை. ஆனால் லாட்டரி விழுந்திருக்கிறது, கிஃப்ட் கார்டு நம்பர் அனுப்பு என்று வரும் மோசடி மெயில்களில் அந்தச் சொல்லைப் பார்த்துப் பார்த்து, அமெரிக்கர் பலர் அதைக் கண்டாலே சந்தேகப்படுகிறார்கள். உண்மையான ரீஃபண்டுக்கு 'கைண்ட்லி ஷேர் யுவர் டீடெய்ல்ஸ்' என்று எழுதிய எங்கள் பையனுக்கு 'நைஸ் ட்ரை, ஸ்கேமர்' என்று பதில் வந்தது. பணம் கொடுக்கிறோம் என்று அந்த அம்மாவை நம்பவைக்கவே சாயங்காலம் ஆகிவிட்டது. எங்கள் டெம்ப்ளேட்டுகளில் இப்போது எல்லா இடத்திலும் 'ப்ளீஸ்' என்று மாற்றியிருக்கிறோம்.